ஒரு விரற்கடை

அந்த லாரிக் கொட்டகை ஆட்களின் பேச்சில் கழுத்துக்கும் கைக்கும் நடுவில் உள்ள அத்தனையும் பூட்டுதான். எலும்பும் பூட்டு, சதையும் பூட்டு. காலையில் வந்ததும் ஒருவன் தோளைச் சுழற்றிப் பார்த்து "பூட்டு பிடிச்சிருக்கு" என்பான், தைலம் தேய்ப்பார்கள். சாமான் சரிந்து யாருக்காவது கை துவண்டுபோனால் "பூட்டு கழண்டிருச்சு" என்பார்கள். அப்புறம் வைத்தியமும் அவர்களேதான். அக்குளில் குதிகாலை ஊன்றி, மணிக்கட்டைப் பிடித்து ஒரே இழுப்பு. டொக்கென்று சத்தம் வந்தால் சரியாகிவிட்டது என்று அர்த்தம். நாலைந்து பேருக்கு அப்படிச் சரியாகியும் இருக்கிறது, அதை இல்லையென்று சொல்ல முடியாது. சரியானதுதான் வினையாகப் போயிற்று.

கொட்டகைக்கு நேர் எதிரே சலவைக் கடை. அதில் இஸ்திரி போடுகிறவளைத் தெருவே இஸ்திரிக்காரி என்றுதான் கூப்பிடும். கண்ணாடி ஜன்னலை ஒட்டினாற்போல் அவளுடைய மேசை. கொட்டகைக்குள் யார் வருகிறான், யார் போகிறான், யார் முதுகைச் சொறிகிறான் என்பதுவரை அவளுக்குத் தெரியும். அவள் புருஷனும் தம்பியும் அங்கேதான் வேலை பார்த்தார்கள்.

லிஃப்டில் நுழையாத சாமான்களை மாடிக்கு ஏற்றுவதும் இறக்குவதும்தான் வேலை. இரும்பு பீரோ, பியானோ, நகைக்கடைப் பெட்டகம், இப்படி. ஒரு கனத்த மரத்தண்டு, நடுவில் கயிறு, கயிற்றில் சாமான், முன்னே ஒருவன், பின்னே ஒருவன். கேட்பதற்கு ஒன்றுமில்லாத வேலைதான். ஆனால் தண்டு மட்டமாக நிற்க வேண்டும். ஒருவன் தோள் கொஞ்சம் தாழ்ந்தாலும் கயிறு வழுக்கிக்கொண்டு அவன் பக்கம் போய்விடும், கனமும் கூடவே போகும். படியில் தண்டு எப்படியும் சாயும். எவ்வளவு சாயும் என்பது இருவர் தோளுக்கும் மனப்பாடமாக இருக்க வேண்டும். அதனால் அங்கே ஜோடி சேர்ப்பது சிநேகிதம் பார்த்து அல்ல. மேஸ்திரி இருவரையும் சுவரோரம் நிற்க வைத்து, தோளில் கையை வைத்து அளந்து பார்த்துத்தான் சேர்ப்பார்.

அவள் புருஷனையும் தம்பியையும் அளக்கவே வேண்டியிருக்கவில்லை. தம்பி ஆறு வயதில் தாயில்லாப் பிள்ளையாக அவள் இடுப்பில் ஏறியவன். அவளுக்குக் கல்யாணமானபோது கூடவே வந்தான். "பொண்ணு பாக்கப் போனேன், கையில ஒரு பையனையும் குடுத்து அனுப்பிட்டாங்க" என்று புருஷன் ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பான். அந்தப் பையன் சொல்லி வைத்ததுபோல் மாமன் உயரத்துக்கு வளர்ந்து நின்றான், நூல் பிசகாமல். கொட்டகையில் அவர்கள் இருவருக்கும் சேர்த்து ஒரே பட்டப்பெயர்: தராசு. "தராசு எங்கே? தராசை அனுப்பு" என்பார் மேஸ்திரி. நாலாவது மாடி, திருகுப்படி, கண்ணாடி வைத்த பீரோ என்றால் தராசுதான். ஒன்பது வருஷம் ஒரு கீறல் விழவில்லை.

அன்றைக்கு மழை. மூன்று நாளாக விடாமல் பெய்து, சலவைக் கடையில் ஈரத்துணி மலைபோல் குவிந்து கிடந்தது. மதியம் சாப்பாட்டுக்கு இன்னும் அரைமணி இருக்கும்போது லாரி வந்து நின்றது. புருஷனைத் தம்பியும் இன்னொருவனும் கைத்தாங்கலாக இறக்குவதை ஜன்னல் வழியே பார்த்தாள். இஸ்திரிப் பெட்டியை அணைத்தாளா இல்லையா என்பதுகூட நினைவில்லாமல் ஓடினாள்.

மூன்றாவது மாடித் திருப்பத்தில் ஈரப்படி வழுக்கிவிட்டதாம். பீரோ ஒரு பக்கம் விழுந்தது; அவன் மேல் விழவில்லை, அந்த மட்டில் புண்ணியம். ஆனால் வலது தோள்முனை படி விளிம்பில் போய் இடித்திருந்தது. இடது கையால் வலது முழங்கையைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு, தலையை வலப்பக்கமாகச் சாய்த்து உட்கார்ந்திருந்தான். முகத்தில் ரத்தமே இல்லை.

"பூட்டு கழண்டிருச்சுக்கா, ஒண்ணுமில்ல" என்றான் தம்பி. "இழுத்து விட்டா சரியாயிடும்."

"ஆஸ்பத்திரிக்குப் போலாம்டா."

"அங்க போனா நாலு மணி நேரம் உக்கார வெப்பான், அதுக்குள்ள வீங்கிடும். வீங்கிட்டா உள்ள போகாது. நீ மாமா காலைப் பிடிச்சுக்கோ. கெட்டியா."

அவள் பிடித்துக்கொண்டாள். அதைத்தான் பின்னால் அவளால் மறக்க முடியவில்லை. தன் கையாலேயே அந்தக் காலை அமுக்கிப் பிடித்தாள். தம்பி செருப்பைக் கழற்றிவிட்டுக் குதிகாலை அக்குளில் ஊன்றி இழுத்தான். டொக்கென்று கேட்கவில்லை. நறநறவென்று, மணலை மென்ற மாதிரி ஒரு சத்தம் கேட்டது. புருஷன் போட்ட அலறலில் தெருவில் போனவர்கள் குடையோடு நின்றுவிட்டார்கள். தம்பி மறுபடி இழுத்தான். மேஸ்திரி ஓடிவந்து அவன் கையைத் தட்டிவிட்டார்.

"போதும் விடுடா! அங்க பாரு, மேல என்ன முட்டுதுன்னு."

கழுத்துக்கும் தோளுக்கும் நடுவில், போர்வைக்குள்ளிருந்து முழங்கை முட்டுவது போல், தோலை முட்டிக்கொண்டு ஏதோ நின்றது.

எலும்பு டாக்டர் ஒரு பெண். வயது முப்பதுதான் இருக்கும், ஆனால் பேச்சில் அவசரமில்லை. வலி குறைய ஊசி போட்டு அவனைப் படுக்க வைத்துவிட்டு, எக்ஸ்ரே படத்தை வெளிச்சத்தில் மாட்டி அக்காளையும் தம்பியையும் கூப்பிட்டாள்.

"யாரு கையை இழுத்தது?"

அக்காள் தம்பியைப் பார்த்தாள், தம்பி படத்தைப் பார்த்தான்.

"அக்குள்ல குதிகால் தடம் இருக்கு. யாரு?"

"நான்தாங்க" என்றான் தம்பி. "பூட்டு கழண்டிருச்சுன்னு நெனச்சு..."

"பூட்டு இந்தப் பக்கம், இங்க இருக்கு. அது நல்லாத்தான் இருக்கு. உடைஞ்சது இது. காறை எலும்பு." படத்தில் விரலால் கோடு இழுத்தாள். "நெஞ்செலும்புல ஆரம்பிச்சு தோள்முனை வரைக்கும் படுத்த வாக்குல ஒரே கம்பு. உங்க கழுத்தடியில தொட்டுப் பாருங்க, தோலுக்குக் கீழேயே இருக்கும்."

இருவரும் சின்னப் பிள்ளைகள் போல் தங்கள் கழுத்தடியில் விரலை வைத்துத் தடவிப் பார்த்தார்கள். இருந்தது. இத்தனை வருஷம் சட்டைக் காலருக்குக் கீழே இருந்ததை ஒருநாளும் தனியாகப் பேர் சொல்லி நினைத்ததில்லை.

"கையை நடு உடம்போட எலும்பாப் பிடிச்சிருக்கறது இது ஒண்ணுதான். மத்ததெல்லாம் வெறும் சதைப் பிடிப்பு. கதவு சாயாம முட்டுக் குடுக்கறோமே, அந்த மாதிரி இது தோளை வெளிப்பக்கமாத் தள்ளி நிறுத்துது. இது இல்லேன்னா தோள் உள்ளே சாஞ்சு, கீழேயும் இறங்கிடும். நேரா இருக்காது பாருங்க, முன்னால ஒரு வளைவு, பின்னால ஒரு வளைவு. ரெண்டு வளைவும் சேர்ற நடு இடம் மெலிசு. நூறு பேருக்கு இது உடைஞ்சா எண்பது பேருக்கு இந்த இடத்துலதான். தோள் இடிபட விழுந்தா கனமெல்லாம் நேரா இங்க வந்து நிக்கும்."

"இழுத்ததுனால உடைஞ்சுதா டாக்டர்?" என்றான் தம்பி.

"இழுத்ததுனால உடையல, விழுந்ததுலயே உடைஞ்சிருக்கு. ஆனா இதுக்கு அடியிலதான் கைக்குப் போற நரம்பும் ரத்தக்குழாயும் ஓடுது. அது தப்பிச்சது உங்க நல்ல காலம். இனிமே யாருக்கும் இந்த வேலை பண்ணாதீங்க."

அப்புறம் அவள் சொன்னதுதான் விஷயம். உள்பக்கத்துத் துண்டைக் கழுத்துச் சதை மேலே இழுக்கிறது. வெளிப்பக்கத்துத் துண்டைக் கையின் கனம் கீழே இழுக்கிறது. இரண்டும் ஒன்றன்மேல் ஒன்று ஏறி நிற்கின்றன, ஒரு விரற்கடைக்கு மேல்.

"தூளியில கையைப் போட்டு ஆறு வாரம் வெச்சிருந்தா இது தானாவே சேரும். சேர்ற எலும்புதான். ஆனா ஏறினது ஏறினபடியே சேரும், நீளம் குறைஞ்சிடும். உக்காந்து எழுதற ஆளா இருந்தா நான் இதைப் பேசவே மாட்டேன். இவரு தோளை வெச்சுப் பொழைக்கிறவரு. திறந்து, நேரா வெச்சு, தகடு ஒண்ணு வெச்சு முடுக்கிட்டா நீளம் அப்படியே நிக்கும். அவருக்கு மயக்கம் தெளிஞ்சதும் கேட்டுட்டுச் சொல்லுங்க."

தகடு என்று கேட்டதும் இஸ்திரிக்காரி தம்பியை வராந்தாவுக்கு இழுத்துக்கொண்டு வந்தாள்.

காரணம் இருந்தது. கொட்டகையில் ஒருவன் இருந்தான், தகரம் என்று பேர். என்றைக்கோ தோளில் அடிபட்டு, தகடு வைத்துக்கொண்டவன். அதற்கப்புறம் தண்டு வைக்கப் போனால் தோலுக்கும் தண்டுக்கும் நடுவில் தகடு மாட்டிக்கொண்டு உயிர் போகும். ஒரு மாசம் பல்லைக் கடித்துப் பார்த்துவிட்டு, கடைசியில் கேட்டில் உட்கார்ந்து லாரி எண் எழுதுகிற வேலைக்குப் போய்விட்டான். அவனைப் பற்றி அவள் புருஷன் சொல்லாத நாள் கிடையாது. சாப்பிடும்போது சொல்வான், துணி மாற்றும்போது சொல்வான். "உள்ள தகரம் வெச்சவன் மேல எவன் தண்டு வெப்பான்? செத்தாலும் நான் அதுக்கு உடம்பைக் குடுக்க மாட்டேன்" என்பான். பதினோரு வருஷமாக அவள் கேட்ட பாட்டு அது.

"பண்ணிடலாம்க்கா" என்றான் தம்பி. "டாக்டரம்மா படிச்சவங்க. அவங்க சொன்னா சரியாத்தான் இருக்கும். நமக்கு எது பூட்டு, எது எலும்புன்னே தெரியல."

"உனக்கு என்னடா தெரியும்? தகடு இருக்கற எடத்துலதானே தண்டு வரும்? அப்புறம் உன் மாமா கேட்டுல போய் உக்காருவாரா?"

"மாமாவைக் கேளு. மாமா சொல்லட்டும்."

"அவரு சொன்னதைத்தாண்டா நான் சொல்றேன். பதினோரு வருஷமா சொல்லிக்கிட்டிருக்காரு. தனியா வேற கேக்கணுமா?"

டாக்டரிடம் போய், வேண்டாம் என்று அவளே சொன்னாள். டாக்டர் ஒரு நிமிஷம் அவளைப் பார்த்தாள். "அவருகிட்ட கேட்டீங்களா?" என்றாள். "அவரு மனசு எனக்குத் தெரியும் டாக்டர்" என்றாள் இவள். வெளியே இன்னும் இருபது பேர் காத்திருந்தார்கள். டாக்டர் எதையோ எழுதிக்கொண்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டாள்.

சாயங்காலம் அவன் கண் விழித்ததும் கேட்ட முதல் கேள்வியே அதுதான். "தகரம் வெக்கணும்னாங்களா?" கண்ணில் அப்படி ஒரு பயம். நாலாவது மாடியிலிருந்து பெட்டகத்தை இறக்குகிற ஆள், பால் குடிக்கிற பிள்ளை மாதிரி பார்த்தான்.

"இல்லீங்க. தானாவே சேர்ந்துடுமாம். டாக்டரே சொல்லிட்டாங்க."

"பாத்தியா! நம்ம உடம்பு தகரம் கேக்காது." சிரித்தான், சிரித்ததில் வலித்து முகம் கோணியது. தம்பி கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு தரையைப் பார்த்தான். பொய்யென்று சொன்னால் பொய்தான். ஆனால் அந்த நேரத்தில் அவளுக்கு அது மருந்து கொடுத்த மாதிரிதான் இருந்தது.

ஆறு வாரம். அந்த ஆறு வாரத்தை அவளிடம்தான் கேட்க வேண்டும். படுத்தால் எலும்பு குத்தும். சுவரில் மூன்று தலையணையைச் சாய்த்து உட்கார்ந்த வாக்கில்தான் தூக்கம். குளிப்பாட்ட வேண்டும், அக்குளில் வியர்வை தங்கிப் புண்ணாகாமல் துடைக்க வேண்டும், சட்டையை முதலில் அடிபட்ட கையில் நுழைத்து அப்புறம் நல்ல கையில் நுழைக்க வேண்டும். கழற்றும்போது தலைகீழ். சலவைக் கடையில் எட்டு மணி நேரம் நீராவியில் நின்றுவிட்டு வந்து இதெல்லாம். வெளியே மழை நின்றபாடில்லை. வீட்டுக்குள் கட்டிய கொடியில் அவனுடைய பனியன்கள் நாலு நாளாகக் காயாமல் நாறின.

வேலையில்லாத ஆண்பிள்ளைக்கு வாய் நீளும். "டீயில சர்க்கரை போட்டியா, இல்ல சர்க்கரை டப்பாவை காட்டிட்டு வந்தியா?" என்பான். "இடது கையால சாப்பிட்டா ருசியே தெரியல" என்பான். "அப்ப நாக்கையும் இடது பக்கம் வெச்சுக்கோங்க" என்பாள் அவள். சிரிப்பான். எலும்பு சூப், முட்டை, பால் என்று பார்த்துப் பார்த்துக் கொடுத்தாள். தம்பி தினமும் வேலை முடிந்ததும் வந்துவிடுவான். கொட்டகைக் கதையெல்லாம் வந்து சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் மாமனுக்குத் தூக்கம் வராது.

"இன்னிக்கு யாருடா உனக்கு ஜோடி?"

"அந்தக் கோணவாயன்தான். நடக்கத் தெரியல மாமா, தவளை மாதிரி குதிக்கிறான். கயிறு அங்கயும் இங்கயும் ஓடுது."

"ஓடத்தான் செய்யும். இன்னும் கொஞ்ச நாள் பொறுத்துக்கோ மாப்ளே. நான் வந்துடறேன்."

"வாங்க மாமா. நீங்க இல்லாம தோளே இல்லாத மாதிரி இருக்கு."

அவன் போகும்போது வாசல்வரை அவள் போவாள். அவன் கேட்க நினைத்ததும் அவள் சொல்லாததும் ஒன்றேதான்.

தூளியை அவிழ்த்த அன்று அவளுக்குப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. இஸ்திரிக்காரி கண்ணாச்சே. சட்டையின் தோள் தையல் இரண்டும் ஒரே கோட்டில் நிற்க வேண்டும். அவனுக்கு வலது பக்கம் இறங்கி, உள்ளே ஒடுங்கி, துணி கழுத்தடியில் சுருங்கி நின்றது. நடுவில் பாக்கு அளவுக்கு ஒரு முண்டு. "சேர்ந்துடுச்சு பாரு, இரும்பு மாதிரி" என்று அவன் அதைத் தட்டிக் காட்டினான். அவள் சட்டையை இழுத்து இழுத்துச் சரிசெய்தாள். துணியில் என்ன தப்பு இருக்கிறது, சரியாவதற்கு?

இன்னும் ஆறு வாரம் கனம் தூக்கக் கூடாது என்றிருந்தார்கள். அதையும் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தான். பதிமூன்றாவது வாரம் திங்கட்கிழமை, விடிந்ததும் குளித்துவிட்டு, அவளுக்கு முன்னாலேயே கொட்டகைக்குக் கிளம்பிவிட்டான். அவள் ஜன்னலோர மேசையில் ஒரு படுக்கை விரிப்பைப் பரப்பி வைத்துக்கொண்டு, பெட்டியை எடுக்காமல் எதிரே பார்த்துக்கொண்டு நின்றாள்.

எல்லோரும் அவன் முதுகில் தட்டினார்கள். மேஸ்திரி தண்டை எடுத்துக் கொடுத்தார். நடுவில் காலி இரும்புப் பீப்பாய் ஒன்றைக் கட்டினார்கள். கொட்டகை வழக்கம் அது; நாள் பட்டு வருகிறவன் முதலில் பீப்பாயோடு இருபதடி நடந்து காட்ட வேண்டும். கயிறு நின்ற இடத்தில் நின்றால் ஜோடி.

தம்பி முன்னே, அவன் பின்னே. ஆறாவது அடியில் கயிறு நகர்ந்தது. பத்தாவது அடியில் சரசரவென்று வழுக்கி பீப்பாய் அவன் மார்பில் வந்து இடித்தது.

"புதுக்கயிறு" என்றான். பழைய கயிறு கட்டினார்கள். மறுபடி அப்படியே. தோள்மேல் சாக்கை மடித்து வைத்துப் பார்த்தார்கள். உயரம் சரியாகிவிட்டது. ஆனால் தோள் உள்ளே வந்துவிட்டதால் தண்டு உட்கார இடமில்லை. உருண்டு கழுத்துக்கு வந்தது. இடது தோளுக்கு மாற்றினான். இருபது வருஷம் வலது தோளில் நடந்த கால்கள் பின்னிக்கொண்டு, விழப் பார்த்தான்.

"இன்னொரு தடவை மாமா, வலதுலயே" என்றான் தம்பி.

இந்தத் தடவை கயிறு நகரவே இல்லை. பத்தடி, பதினைந்தடி. ஆட்கள் கைதட்டத் தொடங்கினார்கள். அவளுக்கு ஜன்னலுக்கு இந்தப் பக்கம் உயிர் வந்தது. அப்போதுதான் பார்த்தாள். தம்பி முழங்காலை மடக்கி, பாதி உட்கார்ந்த வாக்கில் நடந்துகொண்டிருந்தான். அவன் கழுத்து நரம்பு புடைத்திருந்தது. பின்னால் வருகிறவன் கண்ணுக்கு அது தெரியாமலா போகும்?

"நிறுத்துடா" என்றான் புருஷன். தெருவுக்கு இந்தப் பக்கம்வரை கேட்டது. "நாலாவது மாடி வரைக்கும் இப்படியே குந்திக்கிட்டு ஏறுவியா? யாருக்கு வேஷம் காட்டறே?"

தண்டை இறக்கி வைத்தான். போடவில்லை, வைத்தான். அவன் நடந்து தெருவைக் கடந்ததை அவளால் பார்க்க முடியவில்லை. படுக்கை விரிப்பைப் போட்டுத் தேய் தேய் என்று தேய்த்தாள்.

டாக்டரிடம் போயே தீருவேன் என்றான் புருஷன். தம்பியும் கூட வந்தான். வேண்டாம் என்று அவள் கண்ணாலேயே சொல்லிப் பார்த்தாள். மாமனைத் தனியாக அனுப்ப அவனுக்கு மனசு வரவில்லை. புதுப் படம் எடுத்து மாட்டினார்கள். இரண்டு துண்டும் ஏறினபடியே, நடுவில் கெட்டியாக ஒட்டிக்கொண்டிருந்தன.

"நல்லா சேர்ந்திருக்கு. ஆனா நீளம் குறைஞ்சிருக்கு. உங்க வேலைக்கு இது சரிப்படாது" என்றாள் டாக்டர். "மறுபடி உடைச்சு நேராக்கலாம். ஆனா இவ்வளவு கெட்டியாச் சேர்ந்ததை உடைச்சு, அது சரியா வரும்னு நான் உறுதி சொல்ல மாட்டேன். அன்னிக்கே பண்ணியிருந்தா சுலபம்."

"எதை?"

"தகடு வெச்சிருந்தா. ஒண்ணரை வருஷத்துல தகட்டையும் எடுத்திருப்போம், அப்புறம் உறுத்தறதுக்கு உள்ள ஒண்ணுமே இருந்திருக்காது. நான் சொன்னேனே. உங்க வீட்டுலதான் வேண்டாம்னு சொல்லிட்டாங்க."

எடுத்துவிடலாம் என்று அன்றைக்கு டாக்டர் சொன்னாளா? தகடு என்ற வார்த்தைக்கு அப்புறம் தன் காதில் எதுவுமே விழவில்லை என்பது இப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. ஒரு கேள்வி கேட்டிருக்கலாம். ஒரே ஒரு கேள்வி.

வராந்தாவுக்கு வந்தார்கள். உட்காரும் பெஞ்சில் ஒரு கிழவர் கட்டுப் போட்ட காலை நீட்டிக்கொண்டு பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். புருஷன் நின்றான்.

"வீட்டுலன்னாங்களே. யாரு சொன்னது?"

வீட்டுல என்றால் பெண்டாட்டி என்றும் அர்த்தம், வீட்டு மனுஷர்கள் என்றும் அர்த்தம். டாக்டர் மரியாதைக்குச் சொன்ன அந்த வார்த்தையில் ஒரு சந்து இருந்தது. அந்தச் சந்தில் தம்பி புகுந்துவிட்டான்.

"நான்தான் மாமா."

அவள் நிமிர்ந்தாள். தம்பி அவளைப் பார்க்கவே இல்லை.

"நீயா?"

"ஆமா. தகடு வெச்சா நீங்க தண்டு வெக்க முடியாதுன்னு நெனச்சேன். அக்கா அழுதுக்கிட்டிருந்தாங்க, அவங்களுக்கு ஒண்ணும் தெரியாது. நான்தான் டாக்டர்கிட்ட போய் வேணாம்னேன்."

இல்லை என்று சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்? மூன்றெழுத்து. புருஷன் முகத்தைப் பார்த்தாள். அந்த முகம் இப்படித் தன் பக்கம் திரும்பினால் என்ன ஆகும் என்று ஒரு கணம் நினைத்துப் பார்த்தாள். அவ்வளவுதான், வாய் மூடிக்கொண்டது. பயந்தாள், வேறொன்றும் இல்லை. பின்னால் எத்தனை சமாதானம் சொல்லிக்கொண்டாலும் அது பயம்தான்.

"என் உடம்புடா" என்றான் புருஷன். கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. "என் தோள். இழுத்ததும் நீ, வேணாம்னதும் நீ. என்னை ஒரு வார்த்தை யாராவது கேட்டீங்களா? கையில புடிச்சுக் கூட்டிட்டு வந்த பையன்னு உன்னை வளர்த்தேனே. போ. இனிமே என் வாசப்படியில உன் கால் படக் கூடாது."

"சரி மாமா" என்றான் தம்பி. படியில் இறங்கிப் போனான். குடையைப் பெஞ்சிலேயே விட்டுவிட்டான். அந்தக் கிழவர்தான் கூப்பிட்டுக் கொடுத்தார்.

மேஸ்திரி நல்ல மனுஷன். புருஷனுக்கு லாரியில் சாமானுக்குக் காவல் உட்காருகிற வேலையைக் கொடுத்தார். சாமான் மாடி ஏறும்வரை லாரிப் பலகையில் உட்கார்ந்து, தெருவில் போகிறவர்களைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். தண்டு வருகிற வழியில் அவன் முகத்தைத் திருப்பிக்கொள்வான். தம்பியும் கோணவாயனும் அவனைத் தாண்டிப் போவார்கள். மூன்று மாசம் அப்படிப் போயிற்று.

ஒருநாள் மத்தியானம் தம்பி சலவைக் கடைக்கு வந்தான். கையில் பிரிக்காத புதுச் சட்டை, வெள்ளை.

"ஞாயித்துக்கிழமை கல்யாணம்க்கா. அந்தப் பொம்மைக் கம்பெனிப் பொண்ணுதான், நீ பாத்திருக்கே. அவ வீட்டுல பத்துப் பேர் வருவாங்க. என் பக்கம்..." நிறுத்தினான். "இதைக் கொஞ்சம் தேய்ச்சுக் குடு. காலர் நல்லா நிக்கணும்."

அவள் சட்டையைப் பிரித்து, ஊசிகளை ஒவ்வொன்றாக எடுத்தாள். பெட்டியை வைத்தாள். நீராவி முகத்தில் அடித்தது நல்லதாகப் போயிற்று.

"உன் பக்கம் நான் நிப்பேண்டா. இன்னிக்கே சொல்லிடறேன் அவருகிட்ட. எல்லாத்தையும்."

"வேணாம்க்கா."

"எத்தனை நாளைக்குடா நீ சுமப்பே?"

"எனக்கு ஒண்ணும் கனமா இல்ல. மாமா என்னைத் திட்டிக்கிட்டே காலத்தை ஓட்டிடுவாரு. உன்னையும் வெறுத்துட்டா, அந்த மனுஷன் சாயங்காலம் எந்த வீட்டுக்குப் போவாரு? சொல்லு."

"நீ வாயை மூடு. சொல்லத்தான் போறேன்."

அவன் சட்டையை வாங்கிக்கொண்டு, மடிப்பு கலையாமல் இரண்டு கையாலும் ஏந்திப் போனான்.

அன்று வீட்டுக்கு வந்து விளக்கைப் போட்டு, கைகால் கழுவி, புருஷனுக்கு டீ வைத்துக் கொடுத்தாள். அவன் சட்டையைக் கழற்றிவிட்டு உட்கார்ந்திருந்தான். முண்டின்மேல் தைலம் தேய்த்துவிடச் சொன்னான். பின்னால் உட்கார்ந்து தேய்த்தாள். முகத்தைப் பார்க்காமல் சொல்வது சுலபம் என்று நினைத்தாள்.

"ஏங்க. அன்னிக்கு ஆஸ்பத்திரியில..."

"அந்தப் பேச்சை எடுக்காதே."

"இல்லீங்க, ஒரு விஷயம்..."

"எனக்குத் தெரியும் நீ என்ன சொல்ல வர்றேன்னு." அவன் இடது கையைப் பின்னால் நீட்டி, எண்ணெய்ப் பிசுக்கோடு இருந்த அவள் கையைப் பிடித்துக்கொண்டான். கல்யாணமான புதிதில்கூட அப்படிப் பிடித்ததில்லை. "கொட்டகையில சொன்னாங்க, ஞாயித்துக்கிழமை அவனுக்குக் கல்யாணம்னு. நீ தூக்கி வளர்த்த புள்ள. உனக்கு எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியாதா? ஆனா அன்னிக்கு அந்த வராந்தாவுல, அவனா நானான்னு வந்தப்போ, நீ அவனுக்காக ஒரு வார்த்தை பேசல. வாயைத் திறக்காம என் பக்கம் நின்னே. அதை வெச்சுத்தான் இவளே, நான் அந்த லாரியில தினமும் போய் உக்கார்றேன். இல்லேன்னா என்னைக்கோ எதையாவது பண்ணிக்கிட்டிருப்பேன்."

அவள் கை அவன் கைக்குள் அப்படியே இருந்தது.

"சரி, நீ என்ன சொல்ல வந்தே?"

தெருவில் ஏதோ வண்டி ஹாரன் அடித்துக்கொண்டு போயிற்று. அது முடியும்வரை அவள் காத்திருந்தாள்.

"ஒண்ணுமில்லீங்க" என்றாள். "கல்யாணத்துக்கு நான் போகலன்னு சொல்ல வந்தேன்."